எல்க் வேட்டைக்கு வாசனை வேலை செய்கிறதா? தண்ணீரை எதிரே வைத்துச் சோதிப்பது எப்படி

முதல் வருஷம் நான் செய்தது இதுதான். கொலராடோ மலையில் ஒரு மான் தடத்தின் ஓரமாக ட்ரெயில் கேமரா (விலங்கு முன்னால் வந்தால் தானாகப் படம் எடுப்பது) ஒன்றைக் கட்டினேன். அதற்கு எதிரே, கடையில் புட்டியில் வாங்கிய பெண் எல்க் (பெரிய மான் வகை) மூத்திரத்தில் நனைத்த பஞ்சைத் தொங்கவிட்டேன். பத்து நாள் கழித்துப் போய்ப் பார்த்தால், பெரிய கொம்போடு ஓர் ஆண் எல்க் கேமரா முன்னால் நிற்கிறது! புட்டிக்குக் கொடுத்த காசு வீண்போகவில்லை என்று நண்பர்களுக்கெல்லாம் படத்தைக் காட்டினேன். அடுத்த வருஷம் அதே இடத்தில் பஞ்சு இல்லாமல் வெறும் கேமரா மட்டும் கட்டியிருந்தேன். மூன்று ஆண்கள் வந்து போயிருந்தன.

அது அவை நடக்கிற வழி. வாசனை இருந்தாலும் வரும், இல்லாவிட்டாலும் வரும். வாசனை ஒன்றும் இல்லாத இடத்தோடு ஒப்பிட்டுப் பார்க்காத வரைக்கும், எந்தப் புட்டியைப் பற்றியும் நமக்கு ஒன்றும் தெரியாது. அந்த ஒப்பீட்டைச் செய்யும் முறைதான் இந்தப் பதிவு.

ஒரு வார்த்தை. இந்தியாவில் காட்டு விலங்குகளை வேட்டையாடுவது 1972-ம் ஆண்டுச் சட்டப்படி குற்றம். இது அமெரிக்காவில் உரிமம் எடுத்து வேட்டைக்குப் போகத் தொடங்கியிருப்பவர்களுக்காக எழுதியது. எல்க் என்பது நம் ஊர்க் கடமானின் உறவு, ஆனால் அதைவிடப் பெரிய உடம்பு. வளர்ந்த ஆண் 300 கிலோவைத் தாண்டும். வாபிட்டி என்றும் சொல்வார்கள். ஐரோப்பாவில் எல்க் என்றால் மூஸ் என்ற வேறொரு மானைக் குறிக்கும், குழப்பிக்கொள்ளாதீர்கள். கொலராடோவில் மட்டும் இரண்டரை லட்சத்துக்கு மேல் இருக்கின்றன.

படி 1: சட்டத்தைப் பார்த்துவிட்டுப் புட்டியை வாங்குங்கள்

கடைகளில் பல வகை உண்டு: பருவத்துக்கு வந்த பெண்ணின் மூத்திரம், ஆணின் மூத்திரம், ஆண் எல்க் புரளும் சேற்றுக்குழியின் நாற்றம், ஆப்பிள் போன்ற தீனி வாசனை. இயற்கை மூத்திரத்தில் ஒரு வில்லங்கம் இருக்கிறது. மான்களின் மூளையைத் தின்னும் நாட்பட்ட நலிவு நோய் கொலராடோவின் ஃபோர்ட் காலின்ஸில் அடைத்து வளர்த்த மான்களிடம் 1967-ல் முதலில் கண்ணில் பட்டது. நோய்க்குக் காரணமான பிரியான் புரதம் எச்சில், சாணம், மூத்திரம் எல்லாவற்றிலும் வெளியேறும்; மண்ணில் விழுந்தால் வருஷக்கணக்கில் கிடக்கும். அதனால் அலாஸ்கா, வர்ஜீனியா, வெர்மாண்ட் போன்ற மாநிலங்கள் இயற்கை மூத்திரத்துக்கே தடை போட்டுவிட்டன. உங்கள் மாநிலம் அனுமதித்தாலும் செயற்கைச் சரக்கையே வாங்குங்கள் என்பேன். நான் இப்போது அதைத்தான் வாங்குகிறேன்.

தீனி வாசனையைத் தொடவே வேண்டாம். கொலராடோவில் இரை வைத்து எல்க் வேட்டையாடக் கூடாது. உப்புக்கட்டியும் இரைதான். தவிர, ஆப்பிள் வாசனைக்கு முதலில் வருவது கரடி.

கேமராவுக்கும் விதி இருக்கிறது. படத்தை உடனுக்குடன் போனுக்கு அனுப்பும் கேமராவை வைத்து அன்றோ மறுநாளோ வேட்டையாடுவது கொலராடோவில் குற்றம். அரிசோனாவில் வேட்டைக்காக ட்ரெயில் கேமரா வைப்பதையே 2022-லிருந்து தடுத்துவிட்டார்கள். எனவே மெமரி கார்டு போடும் சாதாரண கேமராவே போதும். சோதனை நடக்கும் இடத்தில் அந்த வருஷம் நான் வேட்டைக்குப் போவதில்லை. ராக்கி மவுண்டன் தேசியப் பூங்காவுக்குள் எல்க் கூட்டம் கூட்டமாக நிற்கும். ஆசைப்பட்டு அங்கே பஞ்சைக் கட்டிவிடாதீர்கள்.

படி 2: காற்றைப் படியுங்கள்

இந்தப் பதிவில் ஒரே ஒரு படியைத்தான் நினைவில் வைப்பீர்கள் என்றால், அது இதுவாக இருக்கட்டும்.

மலைக்காற்று ஒரே பக்கம் வீசுவதில்லை. விடியற்காலையில் குளிர்ந்த காற்று கனத்துச் சரிவில் கீழே வழியும், ஓடைத் தண்ணீர் மாதிரி. வெயில் சரிவில் பட்டதும் சூடேறி மேலே போகத் தொடங்கும். பொழுது சாயும்போது மறுபடி கீழே இறங்கும். பள்ளத்தில் பஞ்சைத் தொங்கவிட்டால் விடியற்காலையில் மேலே படுத்திருக்கும் எல்க்குக்கு அது எட்டவே எட்டாது. சரக்கு மட்டம் என்று புட்டியைத் திட்டுவோம். உண்மையில் வாசனை மூக்குக்கே போயிருக்காது.

ஒரு சின்னப் பிழிபுட்டியில் டால்கம் பவுடர் போட்டு எடுத்துப் போங்கள், வாசனை இல்லாததாகப் பார்த்து. காலை, நண்பகல், மாலை என்று மூன்று வேளையும் அங்கே நின்று பீய்ச்சிப் பார்த்துத் தூள் போகும் திசையைக் குறித்துக்கொள்ளுங்கள். தடத்தின் மேல் காற்று குறுக்கே போகும் இடம்தான் நமக்கு வேண்டியது.

படி 3: இடங்களை ஜோடியாகத் தேர்ந்தெடுங்கள்

ஒரே மாதிரி இரண்டு இடங்கள் சேர்ந்தால் ஒரு ஜோடி. ஒன்று தண்ணீரருகே, மற்றொன்று வறண்ட முகட்டில் என்று எடுத்தால் தண்ணீரைத்தான் சோதிக்கிறீர்கள், வாசனையை அல்ல. இரண்டும் தடத்தின் மேல், ஒரே உயரத்தில், ஒரே மாதிரி மரங்களுக்கு நடுவில் இருக்க வேண்டும். ஒன்றின் வாசனை மற்றொன்றுக்குப் போகாதபடி குறைந்தது 400 மீட்டர் இடைவெளி விடுங்கள். இப்படி மூன்று ஜோடி, அதாவது ஆறு கேமரா. செலவுதான். இரண்டே கேமரா இருந்தால் ஒரு ஜோடி வைத்து, மூன்று வருஷம் பொறுமையாகச் செய்யலாம். கணக்கு கடைசியில் வருகிறது.

கேமராவை நெஞ்சு உயரத்தில், வடக்குப் பார்த்துக் கட்டுங்கள். வெயில் நேராக விழுந்தால் வீணாகப் படம் எடுத்துக்கொண்டே இருக்கும். எதிரே ஆடும் புல்லையும் கிளையையும் வெட்டிவிடுங்கள். போட்டோ வேண்டாம், 20 வினாடி வீடியோ வையுங்கள். எல்க் வந்ததா என்பது மட்டுமல்ல, வந்து என்ன செய்தது என்பதும் நமக்கு வேண்டும்.

அப்புறம் பத்து நாள் எதையும் தொங்கவிடாமல் விட்டுவிடுங்கள். புதுக் கேமராவே எல்க்குக்கு ஒரு வேடிக்கைப் பொருள். வந்து முகரும், நக்கும், சில சமயம் கொம்பால் பெயர்த்தும் போடும். அந்தப் புதுமை தீரட்டும். அந்தப் பத்து நாளில் ஒரு இடத்தில் பத்துத் தடவையும் அதன் ஜோடியில் ஒரே தடவையும் எல்க் வந்திருந்தால், அந்த ஜோடியைக் கலைத்து வேறு இடம் பாருங்கள்.

படி 4: பஞ்சைத் தொங்கவிடுவது

நாள் முக்கியம். எல்க் இணைசேரும் பருவம் செப்டம்பர், அக்டோபர் மாதங்களில். ஜூலையில் பெண் வாசனையை வைத்துவிட்டு ஒன்றும் வரவில்லையே என்றால் அது புட்டியின் தப்பு இல்லை. என் கால அட்டவணை: ஆகஸ்ட் 25 முதல் கேமரா மட்டும்; செப்டம்பர் 4 முதல் 11 வரை முதல் சுற்று; நான்கு நாள் ஓய்வு; 15 முதல் 22 வரை இரண்டாம் சுற்று.

முதல் சுற்றில் ஜோடியின் ஒரு இடத்தில் வாசனை, மற்றதில் தண்ணீர். எதில் எது என்பதை நாணயம் சுண்டி முடிவு செய்யுங்கள். நம் மனசு நல்ல இடத்தை வாசனைக்கே ஒதுக்கும், அதை நம்பக் கூடாது. இரண்டாம் சுற்றில் இடம் மாற்றிவிடுங்கள்.

பஞ்சை மரத்தில் கட்டாமல், ஒன்றரை மீட்டர் மரக்குச்சியை நட்டு அதன் தலையில் கட்டுங்கள். சுற்று முடிந்ததும் குச்சியோடு பிடுங்கி எடுத்துவிடலாம், மரத்தில் நாற்றம் ஒட்டாது. மண்ணில் சொட்டாதபடி பத்துச் சொட்டு போதும். தண்ணீர்ப் பஞ்சுக்கும் அதே பத்துச் சொட்டு, அதே மாதிரிப் பஞ்சு, அதே மாதிரிக் குச்சி. மூன்று நாளுக்கு ஒருமுறை இரண்டையும் புதுப்பியுங்கள். மழை பெய்தால் மறுநாளே.

இதில் எல்லாரும் சறுக்கும் இடம் ஒன்று உண்டு. வாசனை வைத்த இடத்துக்கு ஆவலோடு அடிக்கடி போவோம், தண்ணீர்ப் பக்கம் எட்டிப்பார்க்க மாட்டோம். மனித வாடை ஒரு பக்கம் மட்டும் ஏறிவிடும். இரண்டுக்கும் ஒரே எண்ணிக்கை, ஒரே நாள், எல்க் படுத்திருக்கும் நண்பகல் வேளை. ரப்பர் பூட்ஸ், ரப்பர் கையுறை கட்டாயம். தண்ணீர் இடத்தை முதலில் முடித்துவிட்டு வாசனை இடத்துக்குப் போங்கள். இல்லையென்றால் கையுறையிலேயே அது தண்ணீர்ப் பஞ்சுக்கும் வந்துவிடும்.

(புட்டியை ஃபிரிட்ஜில் வைக்கச் சொல்லி அட்டையில் எழுதியிருந்தால் இரண்டு ஜிப் பைக்குள் போட்டு வையுங்கள். எங்கள் வீட்டில் சாம்பார்ப் பாத்திரத்துக்குப் பக்கத்தில் வைத்ததற்கு இன்றுவரை பேச்சு கேட்கிறேன்.)

படி 5: எண்ணுவது

அரை மணி நேரத்துக்குள் வரும் வீடியோக்கள் எல்லாம் சேர்ந்து ஒரே வருகை. எட்டுப் பெண்கள் கூட்டமாக வந்தாலும் ஒன்றுதான். ஒன்று திரும்பினால் மற்றவையும் திரும்பும், எட்டு என்று எண்ணினால் நம்மையே ஏமாற்றிக்கொள்வோம். ஒவ்வொரு வருகைக்கும் ஒரு குறி போடுங்கள்: கண்டுகொள்ளாமல் போனது, நின்று மூக்கைத் தூக்கியது, பஞ்சுக்கே வந்து முகர்ந்தது, மிரண்டு ஓடியது. ஆண் எல்க் மேலுதட்டைச் சுருட்டி ஈறு தெரிய நின்றால் தனியாகக் குறியுங்கள். வாயின் மேலண்ணத்தில் இருக்கும் உறுப்புக்கு மணத்தை ஏற்றி, பெண் பருவத்தில் இருக்கிறதா என்று அது பார்க்கிறது. நாம் வாங்கிய சரக்கை அது மெனக்கெட்டுச் சோதிக்கிறது என்பதற்கு இதைவிட நல்ல அடையாளம் கிடைக்காது.

குறி போடும் வேலையை நீங்கள் செய்யாதீர்கள். எந்த வீடியோ எந்த இடம் என்று தெரியாத ஒரு நண்பரிடம் வெறும் எண் போட்டுக் கொடுங்கள். இரண்டு குச்சியும் ஒரே மாதிரி இருப்பதால் பார்த்துக் கண்டுபிடிக்க முடியாது.

படி 6: கணக்கு

மூன்று ஜோடி, இரண்டு சுற்று, ஆக ஆறு ஒப்பீடு. ஒவ்வொன்றிலும் நின்று முகர்ந்த வருகை (மூக்கைத் தூக்கியதும் பஞ்சை முகர்ந்ததும் சேர்த்து) எந்தப் பக்கம் அதிகம் என்று மட்டும் பாருங்கள். வாசனைக்கு ஒரு சக்தியும் இல்லையென்றால் இது நாணயம் சுண்டுவது மாதிரி. ஆறிலும் வாசனைப் பக்கமே ஜெயிப்பது 64-ல் ஒரு தடவைதான் தற்செயலாக நடக்கும். அப்படி வந்தால் நம்பலாம். ஐந்தோ அதற்கு மேலோ ஜெயிப்பது 64-ல் ஏழு தடவை தானாகவே நடந்துவிடும், அதை வைத்து அடுத்த புட்டிக்குக் காசு போட மாட்டேன். நான்குக்கு இரண்டு என்றால் ஒன்றுமே சொல்ல முடியாது. இரண்டு கேமராக்காரர்களுக்கு மூன்று வருஷம் என்றது இதனால்தான்: வருஷத்துக்கு இரண்டு ஒப்பீடு.

மிரண்டு ஓடியவற்றையும் தனியாகக் கூட்டுங்கள். நின்று முகர்ந்தவை அதிகமாகி, ஓடியவையும் கூடவே அதிகமாகியிருந்தால் அந்தச் சரக்கு வேட்டைக்கு ஆகாது. தூரத்திலிருந்து இழுத்து, அம்பு எட்டும் தூரத்துக்கு வருமுன்பே துரத்திவிடுகிறது என்று அர்த்தம்.

கடைசி நாளில் ஆறு குச்சிகளையும் பஞ்சோடு பைகளில் போட்டு வீட்டுக்கு எடுத்து வந்து குப்பையில் சேர்த்துவிடுங்கள். புட்டியில் மிச்சம் இருந்தாலும் காட்டில் கொட்டாதீர்கள். கொட்டினால் அடுத்த வருஷம் அந்தத் தடத்தில் சோதனை வைக்க முடியாது.