பெங்களூரு மனையில் சந்தனம்: துணைச்செடியோடு வளர்க்கும் முறை

சந்தனம் பார்வைக்குச் சாதாரண மரம்தான். இலை பச்சை, மாவுச்சத்தைத் தானே செய்துகொள்ளும். களவெல்லாம் மண்ணுக்கு அடியில். அதன் வேர் பக்கத்துச் செடியின் வேரைத் தொடும் இடத்தில் கடுகளவில், சில சமயம் மிளகளவில், வெளிர்நிறக் குமிழ் ஒன்று ஒட்டிக்கொள்ளும். உறிஞ்சு வேர் இதுதான். நீரும் தாதுச்சத்தும் இதன் வழியே சந்தனத்துக்குப் போகின்றன. தாவரவியலாளர் ஜான் ஸ்காட் 1871-லேயே கண்டு சொன்ன விஷயம் இது. இன்றும் கன்றைத் தனியாக நட்டுச் சாகவிட்டு, மண்ணைக் குறை சொல்கிறார்கள். இந்த ஊர்ச் செம்மண்ணில் குறையில்லை, தண்ணீர் மட்டும் தேங்கக்கூடாது.

கன்று வாங்குவதென்றால் நர்சரியில் கன்னடப் பெயரைச் சொல்லி 'ஸ்ரீகந்தா' என்று கேளுங்கள். உயரத்தைப் பார்க்காதீர்கள், பையில் இன்னொரு செடி இருக்கிறதா என்று பாருங்கள். அதைக் களை என்று பிடுங்கிப்போட்டு 'சுத்தமாக' விற்கும் கன்று வேண்டாம்.

விதையிலிருந்து வளர்ப்பவர்கள் செப்டம்பர், அக்டோபரில் பழுத்துக் கறுத்த பழங்களை எடுத்து, சதையைத் தேய்த்துக் கழுவி, நிழலில் உலர்த்துங்கள். கிலோவுக்கு ஏறக்குறைய 6,000 விதை நிற்கும். விழுந்த கையோடு போட்டால் முளைக்காது. இரண்டு மாதம் உறக்கம் உண்டு. பிறகு முளைப்பைத் தூண்டும் ஜிப்ரெலிக் அமிலத்தில் ஓர் இரவு ஊறவேண்டும், அளவு 0.05 சதவீதம். அதாவது 1 கிராம் தூளுக்கு 2 லிட்டர் தண்ணீர். தூள் தண்ணீரில் நேராகக் கரையாது, முதலில் சில சொட்டு ஸ்பிரிட்டில் கரைத்துக்கொள்ளுங்கள். உரக்கடையில் 0.001 சதவீதம் என்று எழுதிய திரவ பாட்டில் கிடைக்கும்; அது பூ, காய்க்குத் தெளிப்பது, இந்த வேலைக்குப் போதாது.

விதைக்கும் தட்டுக்கு மணல் 3 பங்கு, செம்மண் 1 பங்கு, எரு வேண்டாம். எம்-சாண்ட் என்றால் மாவுபோன்ற தூள் போகும்வரை அலசுங்கள். கலவையைக் கொதிநீர் ஊற்றி ஆறவிட்டுப் பயன்படுத்துவது நல்லது. பூஞ்சையும் நூற்புழுவும் சேர்ந்து தாக்கினால் இலை வாடி, திடீரென வெளுத்து, வேர் அழுகிவிடும். அப்புறம் காப்பாற்ற முடியாது. தட்டின்மேல் கம்பி வலை அவசியம், விதையென்றால் எலியும் அணிலும் விடா. முளைப்பு ஒரே நாளில் வராது. ஒரு மாதத்தில் தொடங்கி மூன்று மாதம்வரை இழுக்கும்.

நாலு முதல் ஆறு இலை வந்ததும் 30 செ.மீ. உயரப் பைக்கு மாற்றுங்கள். மணல் 2, செம்மண் 1, மக்கிய தொழுஉரம் 1. மாற்றும்போது வேர் ஒரு நிமிடம்கூடக் காயவேண்டாம். பிறகு ஒரு வாரம் நிழல். மாற்றிய அன்றே பையின் ஓரத்தில் துணைச்செடியை வையுங்கள். சுலபமானது பொன்னாங்கண்ணி. மார்க்கெட்டில் 'ஹொனகொன்னே சொப்பு' கட்டு வாங்கி, முற்றிய தண்டாக இரண்டு கணு மண்ணுக்குள் போகும்படி செருகினால் வேர்விடும். துவரை விதை ஒன்றை ஊன்றினாலும் சரி. துணை சந்தனத்தை விட உயர்ந்தால் நிழலடித்துக் குறுக்கிவிடும். பதினைந்து நாளுக்கு ஒருமுறை பாதியாகக் கத்தரியுங்கள், வேரோடு பிடுங்காதீர்கள்.

ஆறு முதல் எட்டு மாதத்தில் கன்று 30 செ.மீ. எட்டும். ஜனவரியில் விதைத்தால் ஆகஸ்ட், செப்டம்பர் மழைக்கு நடலாம். குழி ஒன்றரை அடிக்கு ஒன்றரை அடி, ஆழமும் அவ்வளவே. பொன்னாங்கண்ணியோடு சேர்த்தே இறக்குங்கள். அரை அடி தள்ளித் துவரை ஊன்றுங்கள். ஐந்தடியில் சவுக்கு ஒன்று. இந்த மூன்றாவதைத்தான் பெரும்பாலோர் தள்ளிப்போடுகிறார்கள். துவரை ஒன்றிரண்டு வருஷத்தில் ஆயுள் முடிந்து காயும். அதற்குள் சவுக்கு வேர் வந்து சேராவிட்டால், நன்றாக இருந்த சந்தனம் நுனியிலிருந்து மஞ்சளாகி இலை உதிர்க்கும். அதைப் பார்த்து யூரியா போடுவது வீண்செலவு. அதற்கு வேண்டியது வேர்.

நட்டபின் அடியைக் கொத்தாதீர்கள். குமிழ்கள் மேல்மண்ணிலேயே நிறைய இருக்கும், ஒரு கொத்தில் அறுந்துபோகும். களைக்கொல்லி அந்தப் பக்கமே வேண்டாம். துணை செத்தால் சந்தனமும் பின்னாலேயே போகும். கோடையில் வாரம் இரண்டு தண்ணீர் போதும். ஆசையாக வளர்த்த மாமரமோ கறிவேப்பிலையோ பத்தடிக்குள் இருந்தால் இடத்தை மாற்றுங்கள், சந்தனம் யாரிடமும் கேட்டுக்கொண்டு வேர் நுழைக்காது. மாடித் தொட்டியில் ஓரிரு வருஷம் வைக்கலாம், மரமாகாது.

வைரம், அதாவது மணமுள்ள நடுக்கட்டை, பிடிக்கப் பத்து வருஷத்துக்கு மேலாகும். தண்டு தடித்துவிட்டால் திருடர்கள் நோட்டம் பார்ப்பார்கள், அதனால் காம்பவுண்டுக்குள், வீட்டு ஜன்னலுக்கு எதிரே நடுங்கள். கர்நாடகத்தில் 2001 சட்டத் திருத்தத்துக்குப்பின் உங்கள் நிலத்துச் சந்தனம் உங்களுடையதே. ஆனால் வெட்டவும் எடுத்துச்செல்லவும் வனத்துறை அனுமதி வேண்டும். காய்ந்து நின்ற மரமானாலும் கை வைக்குமுன் எழுதிக் கொடுத்து அனுமதி வாங்கிவிடுங்கள்.