மருந்து நச்சு சார்ட்டும் அதன் பின்விளைவும்: மெடிக்கல் கோடு போடுவது எப்படி

சார்ட்டில் (நோயாளியின் மருத்துவப் பதிவில்) 'ஓவர்டோஸ்' என்று கண்ணில் பட்டதும் நேராக கோடு புத்தகத்தின் மருந்து அட்டவணைக்கு ஓடுகிற பழக்கம், சார்ட்டைப் படித்து நோய்க்கான குறியீடு (கோடு) போடும் புதிய கோடர்கள் பலரிடம் இருக்கிறது. ஓடாதீர்கள். அட்டவணையில் ஒவ்வொரு மருந்துக்கும் ஆறு கட்டங்கள் வரை இருக்கும், அதில் எந்தக் கட்டம் என்பதைச் சார்ட்தான் சொல்ல வேண்டும். அதைப் படித்து முடிவெடுக்காமல் அட்டவணையைத் திறந்தால் மருந்து சரியாக இருக்கும், கோடு தப்பாக இருக்கும்.

சென்னை, கோவை, திருச்சியில் இந்த வேலையில் இருப்பவர்கள் பெரும்பாலும் அமெரிக்க சார்ட்தான் பார்க்கிறோம் என்பதால் இங்கே சொல்வதெல்லாம் ஐசிடி-10-சிஎம் (அமெரிக்காவின் நோய்க் குறியீட்டு முறை) கணக்கு, அதாவது 2015 அக்டோபர் 1 முதல் அங்கே நடைமுறையில் இருப்பது.

முதல் கேள்வி ஒன்றே ஒன்று: மருத்துவர் சரியாக எழுதிய மருந்தை, நோயாளி சரியாக எடுத்துக்கொண்டாரா? ஆம் என்றால், அதற்குப் பிறகு என்ன ஆகியிருந்தாலும் அது அட்வர்ஸ் எஃபெக்ட் (மருந்தின் பாதகமான விளைவு). அளவு கூடிப்போனது, வேறொருவர் மாத்திரையை விழுங்கியது, வாயால் எடுக்க வேண்டியதை ஊசியில் ஏற்றியது, மருத்துவரே தப்பான மருந்தை எழுதிக்கொடுத்தது, இதெல்லாம் பாய்சனிங் (மருந்து நச்சு). எல்லோரும் தடுக்குகிற இடம் இதற்கு அடுத்தது. மருத்துவர் எழுதிய டயஸிபாம், சரியான அளவு, ஆனால் கூடவே மது. மருந்தில் தப்பில்லையே, அட்வர்ஸ்தானே என்று தோன்றும். கிடையாது, இரண்டும் சேர்ந்து விளைந்தது பாய்சனிங்: டி42.4எக்ஸ்1ஏ (T42.4X1A), கூடவே மதுவுக்கு டி51.0எக்ஸ்1ஏ. மருத்துவர் சொல்லாமல் தானாகக் கடையில் வாங்கிய மருந்து, எழுதிக்கொடுத்த மருந்தோடு மோதினாலும் இதே கதைதான்.

பாய்சனிங் என்று முடிவானால் அடுத்தது நோக்கம். டி (T) கோடின் ஐந்தாவது அல்லது ஆறாவது இடத்தில் 1 தற்செயல், 2 தற்கொலை முயற்சி அல்லது தனக்குத்தானே செய்துகொண்ட தீங்கு, 3 பிறர் செய்தது, 4 தீர்மானிக்க முடியாதது. நோக்கம் பற்றி சார்ட்டில் ஒரு வரியும் இல்லையென்றால் 4 போடத்தான் கை போகும், ஆனால் விதி 1 போடச் சொல்கிறது. தீர்மானிக்க முடியவில்லை என்று மருத்துவரே எழுதியிருந்தால் மட்டும்தான் 4. பழைய மனச்சோர்வு இருக்கிறது, அதனால் 2 என்று நீங்களாகக் கதை கட்டவும் கூடாது, சந்தேகம் இருந்தால் மருத்துவருக்குக் கொயரி (விளக்கம் கேட்கும் கேள்வி) அனுப்புங்கள். மீதி இருக்கும் 5 அட்வர்ஸ் எஃபெக்ட், 6 குறைவாக எடுத்தது. ஹெராயினுக்கு இந்த இரண்டும் கிடையாது, யாரும் அதை அங்கே மருந்தாக எழுதிக்கொடுப்பதில்லை என்பதால். அப்புறம், அட்டவணையில் கிடைத்த கோடை டேபுலர் லிஸ்டில் (எல்லாக் கோடுகளும் குறிப்புகளோடு வரிசையாக இருக்கும் பகுதி) ஒருமுறை பார்க்காமல் எழுத வேண்டாம். நோக்கம் கோடுக்குள்ளேயே இருப்பதால் தனியாக எக்ஸ்டர்னல் காஸ் கோடு (எப்படி நேர்ந்தது என்று சொல்லும் கோடு) தேவையில்லை.

கோடுகளை எழுதும் வரிசையில்தான் ஆடிட்டில் அதிகம் அடி விழும். பாய்சனிங் என்றால் டி கோடு முதலில். ஃபென்டனில் தற்செயலாக ஓவர்டோஸ், ஆக்சிஜன் குறைந்து அக்யூட் ரெஸ்பிரேட்டரி ஃபெயிலியர், ஓப்பியாய்டுக்கு அடிமை: டி40.411ஏ, ஜே96.01, எஃப்11.20, இதே வரிசையில். அட்வர்ஸ் எஃபெக்ட் என்றால் தலைகீழ், உடம்பில் வந்த கோளாறு முதலில், டி கோடு பின்னால். குறைவாக எடுத்தது ஒருபோதும் முதல் கோடாக வராது. பணமில்லாமல் ஃபெனிட்டாயின் மாத்திரையைக் குறைத்ததால் வலிப்பு நோயாளிக்கு மறுபடி வலிப்பு வந்தால் ஜி40.909 முதலில், பிறகு டி42.0எக்ஸ்6ஏ, காரணத்துக்கு இசட்91.120.

அசிட்டமினோஃபென் (நம் ஊர் பாராசிட்டமால்) அதிகமாகி ஈரல் செயலிழந்தால் கை தானாக கே72க்குப் போகும். அங்கே மருந்தால் வந்த செயலிழப்பு விலக்கப்பட்டிருக்கிறது, கோமா இல்லையென்றால் கே71.10தான். தற்கொலை முயற்சி என்றால் அதற்கு முன்னால் டி39.1எக்ஸ்2ஏ.

இனி நீண்டகாலப் பின்விளைவு, அதாவது சீக்வெலா. டி கோடின் கடைசியில் வரும் ஏழாவது எழுத்தை முதல் விசிட், இரண்டாவது விசிட் என்று புரிந்துகொண்டவர்கள் நிறைய. விசிட் எண்ணிக்கைக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. தீவிர சிகிச்சை நடக்கும்வரை, புது மருத்துவர் பார்த்தாலும் ஏ (A). தேறிவரும் கட்டத்தில் டி (இது D, கோடின் முதலில் வரும் T அல்ல). கடுமையான கட்டம் முடிந்து ஏதோ ஒன்று தங்கிவிட்டால் எஸ் (S). ஆறு மாதமா பத்து வருடமா என்ற கால வரம்பு எஸ்ஸுக்குக் கிடையாது.

தங்கிவிட்ட கோளாறு முதலில், எஸ் போட்ட டி கோடு இரண்டாவது. ஹெராயின் ஓவர்டோஸில் மூளைக்கு ஆக்சிஜன் போகாமல் நிரந்தர பாதிப்பு என்றால் ஜி93.1, டி40.1எக்ஸ்1எஸ். பாய்சனிங் என்றாலே டி முதலில் என்று மனப்பாடம் செய்தவர்கள் இங்கே மாட்டிக்கொள்வார்கள். எஸ் என்ற எழுத்து டி கோடில் மட்டும்தான், ஜி93.1க்குப் பின்னால் ஒட்டக் கூடாது. அதே சம்பவத்துக்கு ஏ, எஸ் இரண்டையும் சேர்த்தும் போடக் கூடாது. சரியான அளவு ஜென்டாமைசின் ஏற்றிய பிறகும் இரண்டு காதும் கேட்காமலே போனால் ஹெச்91.03, டி36.5எக்ஸ்5எஸ்.

எல்லாம் இவ்வளவு சுலபமாக வராது. ஆர்கனோஃபாஸ்பேட் பூச்சிமருந்து குடித்துப் பிழைத்தவருக்குப் பின்னாளில் கால் நரம்பு பாதித்தால் ஜி62.2, டி60.0எக்ஸ்2எஸ் என்ற இரண்டு கோடும் வேண்டும். கைட்லைனில் உள்ள சீக்வெலா விதிப்படி ஜி முதலில் வர வேண்டும், ஆனால் டேபுலரில் ஜி62.2க்குக் கீழே டி51 முதல் டி65 வரையுள்ள கோடை முதலில் போடு என்ற குறிப்பு இருக்கிறது. கைட்லைனும் டேபுலர் குறிப்பும் மோதினால் டேபுலர்தான் மேல் என்று கைட்லைனே சொல்கிறது, அதனால் நான் டி60ஐ முன்னால் வைப்பேன். க்ளையன்ட்டுக்கு வேறு எழுத்துபூர்வ விதி இருக்கிறதா என்று பார்த்துவிட்டு, காரணத்தையும் குறிப்பில் எழுதிவிடுங்கள், ஆடிட்டரோடு சண்டை மிச்சம்.

ஒன்றும் தங்கவில்லை, மூன்று வருடத்துக்கு முன் மாத்திரை விழுங்கித் தற்கொலைக்கு முயன்றார் என்று மட்டும் சார்ட்டில் இருந்தால் எஸ் கிடையாது, இசட்91.51 போதும். தங்கியது அந்தச் சம்பவத்தால்தான் என்ற தொடர்பையும் மருத்துவர்தான் எழுதியிருக்க வேண்டும்.

இந்திய மருத்துவமனை ரெக்கார்ட்ஸ் பிரிவிலிருந்து வருபவர்களுக்கு ஒரு எச்சரிக்கை: உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10இல் மருந்து நச்சின் பின்விளைவுக்கு டி96 என்று தனிக் கோடு உண்டு, நோக்கத்துக்கும் எக்ஸ், ஒய் வரிசைகளில் தனிக் கோடுகள். சிஎம்மில் டி96 கிடையாது, தேடி நேரத்தை வீணாக்காதீர்கள்.

கடைசியாக, புத்தகத்தின் வருடம். ஃபென்டனிலுக்குத் தனிக் கோடு வந்ததே 2020 அக்டோபரில்தான், அதுவரை டி40.4எக்ஸ் என்ற பொதுக் கோடு. 2019இல் ஓவர்டோஸ் ஆனவர் அதன் பின்விளைவுக்காக இப்போது வந்தால், பார்க்க வேண்டியது சம்பவ தேதியை அல்ல, இந்த விசிட்டின் தேதியை. டி40.411எஸ் போடுங்கள்.