ஹா ஜியாங் மலைச்சுற்று: கிளம்பும் முன்பே தவிர்க்க வேண்டிய தவறுகள்

வியட்நாமின் வடகோடியில், சீன எல்லையை ஒட்டி இருக்கிறது ஹா ஜியாங். ஹனோயிலிருந்து ஏறக்குறைய 300 கிலோமீட்டர். இரவுப் பேருந்தில் ஏறிப் படுத்தால் விடிவதற்குள் ஹா ஜியாங் நகரில் இறக்கிவிடுவார்கள். அங்கிருந்து குவான் பா, யென் மின், டோங் வான், மேவ் வாக் என்று மலை மேல் ஒரு சுற்று சுற்றி அதே நகரத்துக்குத் திரும்பினால் சுமார் 350 கிலோமீட்டர். 2025 ஜூலை 1 முதல் இந்த மாகாணத்தைத் துயென் குவாங்கோடு இணைத்துவிட்டார்கள். ஆனாலும் பயணம் போகிறவர்கள் வாயில் வருவது இன்னும் பழைய பெயர்தான்.

350 கிலோமீட்டர் என்றதும் நாம் போடும் கணக்குதான் முதல் தவறு. நெடுஞ்சாலையில் ஒரு நாளில் போகிற தூரம்தானே, மூன்று நாள் தாராளம் என்று தோன்றும். பயண நிறுவனங்கள் விற்கிற திட்டங்களும் பெரும்பாலும் மூன்று பகல், இரண்டு இரவு என்றே இருக்கின்றன. மலையில் அந்தக் கணக்கு செல்லாது. வளைவுக்கு மேல் வளைவு, எதிரே லாரி, நடுவில் ஆட்டு மந்தை, திடீரென்று கண்ணை மறைக்கும் மூடுபனி. ஒரு மணி நேரத்தில் முப்பது கிலோமீட்டர் போனாலே நல்ல வேகம். மூன்று நாள் திட்டத்தில் இரண்டாம் நாள் இருட்டிய பிறகு டோங் வான் போய்ச் சேர்கிறோம். மறுநாள் காலை மா பி லெங் கணவாயில் பனி மூடியிருந்தால் அவ்வளவுதான், இன்னொரு வாய்ப்பு கிடைக்காது. என் முதல் பயணத்தில் அப்படித்தான் ஆயிற்று. கீழே ஞோ குவே ஆறு ஓடுகிறது என்று வழிகாட்டி கை காட்டிய திசையில் வெள்ளையைத் தவிர எதையும் நான் பார்க்கவில்லை.

அந்தக் கணவாயை இருபது நிமிடத்தில் கடந்து போவது எனக்கு மனசு கேட்காத விஷயம். ஹா ஜியாங்கிலிருந்து மேவ் வாக் வரை போகும் சாலைக்கு 'மகிழ்ச்சிச் சாலை' என்று பெயர். 1959-இல் தொடங்கி 1965-இல் முடித்தார்கள். நீளம் ஏறத்தாழ 185 கிலோமீட்டர். பல இனங்களைச் சேர்ந்த இளைஞர்கள் உளியும் சம்மட்டியுமாக வெட்டிய சாலை. மா பி லெங் பகுதியில் செங்குத்துப் பாறையில் கயிறு கட்டித் தொங்கியபடி பதினோரு மாதம் துளை போட்டிருக்கிறார்கள். அந்த இடத்தில் வண்டியை நிறுத்திவிட்டு, பாறை ஓரமாகக் கொஞ்ச தூரமாவது நடந்து பாருங்கள். நான்கு நாளுக்குக் குறையாமல் திட்டம் போடுங்கள், ஐந்து கிடைத்தால் இன்னும் நல்லது. ஒரு கிராமத்தில் தொடர்ந்து இரண்டு இரவு தங்கும் திட்டம் எங்காவது கிடைத்தால் யோசிக்காமல் எடுத்துக்கொள்ளுங்கள்.

எந்த மாதம், எந்தக் கிழமை

வலைத்தளப் படங்களில் பொன்னிறமாகப் படிப்படியாக இறங்கும் நெல்வயல்களைப் பார்த்துவிட்டு டோங் வானுக்குப் போய் ஏமாறுபவர்கள் நிறைய. அந்த வயல்கள் இருப்பது ஹோவாங் சு ஃபி பக்கம். மாகாணத்தின் மேற்கு மூலை அது, வழக்கமான சுற்றில் வராது. அறுவடைக்கு முன் செப்டம்பர் கடைசியில் தனியாகப் போக வேண்டும். டோங் வான் பீடபூமி கல்லும் சோளமும் மட்டுமே உள்ள பூமி. 2010-இல் யுனெஸ்கோ ஆதரவு பெற்ற உலகப் புவிப்பூங்கா வலையமைப்பில் சேர்க்கப்பட்டது. வியட்நாமில் அந்தத் தகுதி பெற்ற முதல் இடம் இதுதான். பாறை இடுக்குகளில் கைப்பிடி கைப்பிடியாக மண்ணைக் கொண்டுபோய் நிரப்பி அதில் மக்காச்சோளம் ஊன்றுகிறார்கள். பச்சையைத் தேடிப் போகிறவருக்கு இது ஏமாற்றமாக இருக்கும். எனக்கோ அந்தச் சோளத்தட்டை ஒவ்வொன்றும் ஒரு குடும்பத்தின் உழைப்பாகவே தெரிந்தது.

மே முதல் செப்டம்பர் வரை மழை, மண்சரிவு. அந்த மாதங்களில் போனால் திரும்பி வரும் விமானத்துக்கு ஒரு நாளாவது இடைவெளி விடுங்கள். அக்டோபர், நவம்பரில் பக்வீட் என்ற தானியப் பயிரின் பூ இளஞ்சிவப்பாக மலை முழுக்கப் பூக்கும். அந்த வார இறுதிகளில் ஹனோய்க்காரர்களே திரண்டு வருவதால் வாரநாளில் போவது நல்லது. டிசம்பர், ஜனவரியில் குளிர் எலும்பைத் துளைக்கும். மண்சுவர் வீடுகளில் அடுப்பைத் தவிர வேறு சூடு இருக்காது.

கிழமையையும் பாருங்கள். டோங் வான், மேவ் வாக் பெரிய சந்தைகள் ஞாயிறன்று கூடும். சா ஃபின் சந்தைக்கு வேறு கணக்கு. பன்னிரண்டு விலங்குகளின் பெயரால் நாள் எண்ணும் முறைப்படி, பாம்பு நாளிலும் பன்றி நாளிலும் கூடும். அதாவது ஆறு நாளுக்கு ஒரு முறை. இந்த வாரம் ஞாயிறு என்றால் அடுத்தது சனி, அதற்கடுத்தது வெள்ளி. அதனால்தான் இதைப் 'பின்வாங்கும் சந்தை' என்கிறார்கள். கௌ வாய் 'காதல் சந்தை' இன்னும் அரிது, சந்திர நாட்காட்டியின் மூன்றாம் மாதம் 26, 27 தேதிகளை ஒட்டி ஆண்டுக்கு ஒரே முறை. டிக்கெட் எடுத்த பிறகு சந்தை நாளைக் கேட்பதால் பயனில்லை. முதலில் சந்தை நாளைக் கேட்டுவிட்டுப் பிறகு டிக்கெட் எடுங்கள்.

வழிகாட்டி யார்?

இந்தப் பயணத்தில் பணத்தைவிட, நாளைவிட முக்கியமான கேள்வி இதுதான். பெரும்பாலோர் கேட்காமல் விடுவதும் இதைத்தான்.

டோங் வானுக்கு வடக்கே, சீன எல்லையோரம் இருக்கும் லுங் கூ குன்றின் மேல் பறக்கும் தேசியக் கொடியின் பரப்பு 54 சதுர மீட்டர். நாட்டில் அங்கீகரிக்கப்பட்ட 54 இனங்களைக் குறிக்க அந்த அளவு. 2019 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி நாட்டு மக்களில் சுமார் 85 விழுக்காடு கின் இனத்தவர். இந்தப் பீடபூமியில் நிலைமை தலைகீழ். இங்கே ஹ்மோங் மக்களே அதிகம். அவர்களோடு ஸாவ், டாய், லோ லோ, நுங், ஸாய் என்று பல இனத்தார். வயதான பெண்கள் பலருக்கு வியட்நாமிய மொழி சரளமாக வராது. ஹனோயிலிருந்து வரும் கின் வழிகாட்டி எவ்வளவு நல்லவராக இருந்தாலும், அந்த வீட்டில் அவரும் நம்மைப் போல ஒரு வெளியூர்க்காரர்தான்.

ஒரு கிராமத்தில் பாட்டி ஒருவர் வாசலில் ஹெம்ப் என்ற சணல் வகையின் நாரைத் திரித்துக்கொண்டிருந்தார். உரித்த பட்டையை மெல்லிய இழைகளாகக் கிழித்து, ஒன்றின் நுனியை இன்னொன்றின் நுனியோடு பெருவிரலால் உருட்டி இணைத்து, கையில் சுற்றிக்கொண்டே போனார். முடிச்சு கிடையாது. இணைந்த இடம் எது என்று கண்ணுக்கே தெரியவில்லை. இது எத்தனை நாள் வேலை என்று கேட்கச் சொன்னேன். எங்கள் வழிகாட்டி பாட்டியைக் கேட்காமலேயே, "ரொம்ப நாள் ஆகும், இவங்களுக்கு இது பழக்கம்" என்று முடித்துவிட்டார். அடுத்த பயணத்தில் வந்தவர் ஹ்மோங் இளைஞர். ஏறக்குறைய இதே கேள்விக்கு வேறொரு வீட்டில் அரை மணி நேரம் பேச்சு நடந்தது. விதைத்ததிலிருந்து பாவாடையாக உடுத்துவது வரை ஒவ்வொரு கட்டமாக அந்த அம்மா சொல்லச் சொல்ல, அவர் மொழிபெயர்த்துக்கொண்டே வந்தார். இடையில் அந்த அம்மா எழுந்து உள்ளே போய், தன் கல்யாணத்துக்குத் தாய் நெய்து கொடுத்த பாவாடையையே எடுத்து வந்து மடியில் விரித்துக் காட்டினார்.

முன்பணம் கட்டுமுன் நிறுவனத்தைக் கேளுங்கள்: வழிகாட்டி எந்த ஊர்க்காரர்? போகும் கிராமத்தின் மொழி அவருக்குத் தெரியுமா? இரவு தங்குவது அந்த ஊர்க் குடும்பத்தின் வீடா, வெளியூர் முதலாளி கட்டிய விடுதியா? வீட்டுக்காரர்களுக்கு எவ்வளவு போகிறது? நேர்மையாக நடத்துபவர்கள் தயங்காமல் பதில் சொல்வார்கள். மழுப்பினால் வேறு இடம் பாருங்கள். ஒரு குழுவில் எத்தனை பேர் என்பதையும் கேட்டுக்கொள்ளுங்கள். முப்பது பைக் வரிசையாக ஊருக்குள் நுழையும்போது அங்கே பேச்சுக்கு இடமே இருக்காது, கூச்சல்தான்.

இன்னொன்று. 'மேவ்' என்று ஹ்மோங் மக்களைக் குறிப்பிடாதீர்கள். பழைய வழக்கு அது. வியட்நாமிய மொழியில் பூனைக்கும் அதே சொல் என்பதால் இழிவாகவே அவர்கள் காதில் விழும். மேவ் வாக் என்ற ஊர்ப்பெயரில் அது தங்கிவிட்டது என்பதற்காக மனிதர்களை அப்படி அழைக்கலாகாது.

பைக் ஆசை

ஊரில் இருபது வருடம் பைக் ஓட்டியிருக்கிறேன், இது என்ன பிரமாதம் என்ற நினைப்பு ஆபத்தானது. சட்டமும் நம் பக்கம் இல்லை. வியட்நாம் ஏற்றுக்கொள்வது 1968 வியன்னா ஒப்பந்தப்படி வழங்கப்பட்ட பன்னாட்டு ஓட்டுநர் உரிமத்தை. இந்தியாவில் ஆர்.டி.ஓ. அலுவலகம் தருவது 1949 ஜெனிவா ஒப்பந்தப்படியானது. வாடகைக் கடைக்காரர் "ஒன்றும் ஆகாது" என்று சாவியைக் கொடுத்துவிடுவார். விபத்து நடந்தால் உரிமம் செல்லாது என்ற ஒரே காரணத்தைச் சொல்லிக் காப்பீட்டு நிறுவனம் கைவிரிக்கலாம். உள்ளூர் ஓட்டுநரின் பின்னால் உட்கார்ந்து போங்கள். 'ஈஸி ரைடர்' என்று கேட்டால் எல்லாருக்கும் புரியும். வயதானவர்களோ குழந்தைகளோ கூட வந்தால் கார் எடுத்துவிடுங்கள். பின்னால் உட்கார்ந்தால் கண்ணை எடுக்காமல் மலையைப் பார்க்கலாம் என்பதும் உண்மை.

மது விஷயத்தில் ஓட்டுநரையும் கவனியுங்கள். 2020 ஜனவரி முதல் வண்டி ஓட்டுபவர் உடலில் துளி மதுவும் இருக்கக்கூடாது என்பது அந்நாட்டுச் சட்டம். மக்காச்சோளச் சாராயம் இங்கே விருந்தோம்பலின் அடையாளம், இரவு உணவில் குவளை குவளையாக வரும். வேண்டாம் என்றால் முதல் சுற்றிலேயே சிரித்தபடி, நெஞ்சில் கை வைத்துச் சொல்லிவிடுங்கள். யாரும் வருத்தப்பட மாட்டார்கள். இரண்டு குடித்துவிட்டு மூன்றாவதில் மறுத்தால்தான் விட மாட்டார்கள். மறுநாள் காலை உங்களை ஏற்றிப்போகும் ஓட்டுநருக்கு நீங்களே ஊற்றிக் கொடுக்காதீர்கள்.

வாசலில் நின்று பாருங்கள்

ஒரு வீட்டு வாசலில் பச்சை இலைக் கொத்து கட்டியிருந்தால் அந்நியர் உள்ளே வரக்கூடாது என்று பொருள். குழந்தை பிறந்திருக்கலாம், நோய்க்காகச் சடங்கு நடந்திருக்கலாம். நம் ஊரில் வேப்பிலை கட்டிய வீட்டுக்குள் யாரும் சட்டென்று நுழைவதில்லை அல்லவா, அந்த மரியாதைதான் இங்கேயும். ஹ்மோங் வீட்டில் வாசலுக்கு நேர் எதிர்ச் சுவரில் முன்னோருக்கான பீடம் இருக்கும். அதற்கு முதுகு காட்டி உட்காராதீர்கள், அங்கே பையை மாட்டாதீர்கள். வீட்டுக்குள் சீட்டி அடிக்காதீர்கள். குழந்தையின் தலையில் கை வைக்காதீர்கள்.

தாம் மா என்ற வளைவுப் பாதையின் உச்சியில் வண்டிகள் நிற்கும். அங்கே முதுகில் மூங்கில் கூடை, கூடை நிறைய மஞ்சள் பூ, வண்ண உடை என்று சிறுமிகள் நிற்பார்கள். ஆறு ஏழு வயது இருக்கும். படம் எடுத்தால் கையை நீட்டுவார்கள். நான் பார்த்த சிறுமியின் கன்னம் குளிரில் வெடித்திருந்தது, மூக்கு ஒழுகிக்கொண்டிருந்தது. கூடையின் கனத்தில் அடிக்கடி தோளை மாற்றிக்கொண்டாள். அந்த நேரம் பள்ளிக்கூட நேரம். நாம் கொடுக்கும் பத்தாயிரம் டாங், அவள் நாளையும் அங்கேயே நிற்பதற்குக் காரணமாகிவிடுகிறது. மனம் இளகுவது இயல்புதான், எனக்கும் கை பைக்குள் போயிற்று. பணமும் மிட்டாயும் கொடுக்க வேண்டாம். அதே தொகைக்குச் சந்தையில் பெரியவர் ஒருவரிடம் ஏதாவது வாங்குங்கள், அது வீட்டுக்குப் போகும்.

துணி வாங்குவதாக இருந்தால் குவான் பா பக்கம் லுங் தாம் கிராமத்தில் பெண்கள் கூட்டுறவாகச் சணல் துணி நெய்கிறார்கள். சாலையோரக் கடைகளில் தொங்குவதில் பாதிக்கு மேல் இயந்திர அச்சு. தேன்மெழுகால் வரைந்து அவுரியில் தோய்த்த துணியில் கோடு துளி முன்னே பின்னே இருக்கும், பின்பக்கத்திலும் தெரியும். பேரம் பேசலாம், ஆனால் மாதக்கணக்கான வேலையைப் பாதி விலைக்குக் கேட்காதீர்கள்.

சாப்பாடும் தண்ணீரும்

சைவர்கள் "தோய் ஆன் சாய்" என்று சொல்லக் கற்றுக்கொள்ளுங்கள், 'நான் சைவம் சாப்பிடுபவன்' என்று பொருள். அது மட்டும் போதாது. கீரையும் டோஃபுவும் பன்றிக் கொழுப்பில் வதக்கப்பட்டிருக்கலாம், சூப்பில் மீன் சாஸ் இருக்கலாம். அதனால் முன்பதிவின்போதே எழுதிக் கொடுத்து, ஒவ்வொரு வீட்டிலும் வழிகாட்டியை விட்டு மறுபடி சொல்லச் சொல்லுங்கள். 'மென் மென்' என்ற வேகவைத்த மக்காச்சோள மாவு ரவை உப்புமாவுக்குத் தூரத்து உறவு. சூடாக இருக்கும்போதே சாப்பிட்டுவிடுங்கள், ஆறினால் தொண்டையில் அடைக்கும்.

சுண்ணாம்புப் பாறையில் மழைநீர் தங்காது, உடனே உள்ளே இறங்கிவிடும். நவம்பர் முதல் ஏப்ரல் வரை பல ஊர்களில் தண்ணீர் தட்டுப்பாடு. தங்கும் வீட்டில் நீண்ட நேரம் குளிப்பதும் தினமும் துணி துவைப்பதும் அந்தக் குடும்பத்தின் குடத்திலிருந்து எடுப்பதாகும்.

மற்ற சில்லறை விஷயங்கள்: எல்லைப் பகுதிக்கான அனுமதிச்சீட்டை நிறுவனமே எடுத்துத் தருகிறதா என்று கேளுங்கள், பாஸ்போர்ட் அசலைக் கையில் வைத்திருங்கள். ரொக்கத்தை ஹா ஜியாங் நகரிலேயே எடுத்துக்கொள்ளுங்கள். 20,000 டாங் நோட்டும் 500,000 டாங் நோட்டும் இரண்டுமே நீலம். மங்கிய வெளிச்சத்தில் மாற்றிக் கொடுத்துவிட்டுத் தவித்தவர்கள் உண்டு. இரண்டையும் தனித்தனிப் பையில் வையுங்கள்.

கடைசியாக ஒன்று. படம் எடுத்தால் "அனுப்புகிறேன்" என்று சொல்லிவிட்டு வருகிறோம், அனுப்புவதில்லை. நார் திரித்த பாட்டிக்கு நானும் அப்படித்தான் சொல்லிவிட்டு வந்தேன். அடுத்த முறை போகும்போது அச்சிட்டு எடுத்துப் போனேன். பாட்டி வயலுக்குப் போயிருந்தார், மருமகள் வாங்கிச் சுவரில் காலண்டருக்குப் பக்கத்தில் செருகினார். நேரில் போக முடியாதவர்கள் படத்தை அச்சிட்டு, பின்னால் கிராமத்தின் பெயரை எழுதி, வழிகாட்டியின் முகவரிக்கு அனுப்பினால் போதும். அடுத்த குழுவோடு அது அந்த வீட்டுக்குப் போய்ச் சேர்ந்துவிடும்.