"எந்த கினியா, அங்கிள்?": ஆப்பிரிக்க வரைபடத்தை மனதில் ஏற்றும் செய்முறை

போன பொங்கலுக்கு எங்கள் காலனித் தமிழர்கள் சேர்ந்து நடத்திய விழாவில் வினாடி வினா என் தலையில் விழுந்தது. இருபது வருடமாக டெல்லி ஆர்.கே.புரத்தில் இருக்கிறேன், அரசு உத்தியோகம், ஆகவே பொது அறிவு இருக்கும் என்று யாரோ முடிவு கட்டிவிட்டார்கள். எங்கிருந்தோ இறக்கிய கேள்வித்தாளை வைத்துக்கொண்டு, "கினியாவின் தலைநகர் எது?" என்று மைக்கில் கேட்டேன். ஏழாம் வகுப்புப் பையன் ஒருவன் எழுந்து, "எந்த கினியா, அங்கிள்?" என்றான்.

என் தாளில் இருந்த விடை பிசாவ். அவனோ, "வெறும் கினியான்னா கொனாக்ரி" என்றான். தவறு என்று சொல்லிக் கேள்வியை அடுத்த அணிக்குத் தள்ளிவிட்டேன். வீட்டுக்கு வந்து பார்த்தால் அவன் சொன்னதுதான் சரி. அன்றைக்குச் சர்க்கரைப் பொங்கல் தொண்டையில் இறங்கவில்லை.

அந்த ரோஷத்தில் நான்கு மாதம் உட்கார்ந்தேன். இப்போது வெற்று வரைபடத்தைக் கொடுத்தால் 54 நாடுகளையும் எழுதிவிடுவேன். எப்படி என்பதுதான் இந்தப் பதிவு. கண்டங்கள், கடல்கள், பூமத்திய ரேகை இதெல்லாம் உங்களுக்குத் தெரியும் என்று வைத்துக்கொள்கிறேன்.

என்னென்ன வேண்டும்

பள்ளிப் பிள்ளைகள் வாங்கும் அவுட்லைன் மேப், ஆப்பிரிக்கா, பொலிட்டிகல். அதை ஏ3 அளவுக்குப் பெரிதாக்கி ஜெராக்ஸ் எடுத்து லேமினேட் செய்துகொள்ளுங்கள். ஒயிட்போர்டு மார்க்கரால் எழுதலாம், துணியால் துடைக்கலாம். ஒரு அட்லஸ். முடிந்தால் சின்னதாக ஒரு குளோப். குளோப் வேண்டும் என்று நான் அடம்பிடிக்கக் காரணம் உண்டு. சுவரில் மாட்டும் வரைபடங்கள் பலவும் 1569ல் மெர்காட்டர் என்ற வரைபட வல்லுநர் போட்ட கணக்கில் வரைந்தவை. அதில் கிரீன்லாந்து ஆப்பிரிக்கா அளவுக்குத் தெரியும். உண்மையில் ஆப்பிரிக்கா அதைப் போல 14 மடங்கு. நம் இந்தியாவே கிரீன்லாந்தைவிடப் பெரிது!

செட்டெரா போன்ற வரைபட விளையாட்டுச் செயலிகளைக் கடைசி வாரத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள். முதல் நாளே திறந்தால் எங்கே தொடவேண்டும் என்று விரலுக்குத்தான் பழகும், பெயர் நிற்காது.

படி 1: அகர வரிசையைத் தூக்கிப் போடுங்கள்

நான் இரண்டு வாரம் வீணாக்கியது இதில்தான். தமிழில் பட்டியல் எழுதினால் கானா, காபோன், காம்பியா, காங்கோ, கினியா, கென்யா, கேமரூன், கொமொரோஸ் எல்லாம் ஒரே 'க'வில் வந்து உட்கார்ந்துகொள்ளும். படிக்கப் படிக்கக் குழம்பும்.

படி 2: கடற்கரையோடு நடங்கள்

54ஐ இப்படிப் பிரியுங்கள்: பெருநிலத்தில் கடற்கரை உள்ளவை 32, கடலே இல்லாதவை 16, தீவு நாடுகள் 6. முதலில் அந்த 32. மொராக்கோவில் ஆரம்பித்து மேற்குக் கரையோடு தெற்கே இறங்குங்கள். மொரிட்டானியா, செனகல், காம்பியா, மறுபடி செனகல், கினியா-பிசாவ், கினியா, சியரா லியோன், லைபீரியா, ஐவரி கோஸ்ட், கானா, டோகோ, பெனின், நைஜீரியா... பஸ் கண்டக்டர் ஸ்டாப்பிங் சொல்கிற மாதிரி வாய்விட்டுச் சொல்லவேண்டும். காலையில் பால் காய்ச்சிக்கொண்டே நான் சொல்ல, என் மனைவி "டோகோ இறங்கு, டோகோ இறங்கு" என்று கிண்டல் செய்தபோது பாதி கரை எனக்குப் பாடமாகியிருந்தது.

செனகல் ஏன் இரண்டு முறை வருகிறது? காம்பியா ஒரு ஆற்றின் இரண்டு கரைகளும்தான். ஆற்றோடு வியாபாரம் செய்த பிரிட்டன் அந்தக் கீற்றை மட்டும் பிடித்துக்கொண்டது, சுற்றியிருந்ததெல்லாம் பிரான்சுக்குப் போனது.

படி 3: யார் ஆண்டது என்று வண்ணம் தீட்டுங்கள்

இதைத் தாண்டிவிட்டால் மீதி தானாக வரும். பிரான்ஸ் நீலம், பிரிட்டன் சிவப்பு, போர்த்துகல் பச்சை, ஸ்பெயின் மஞ்சள், பெல்ஜியம் கறுப்பு. மேற்கு ஆப்பிரிக்காவை முடித்துவிட்டுத் தள்ளி நின்று பாருங்கள். நீலக் கம்பளத்தில் காம்பியா, சியரா லியோன், கானா, நைஜீரியா என்று நான்கு சிவப்பு ஒட்டு. லைபீரியாவுக்கு வண்ணம் வேண்டாம். அமெரிக்காவிலிருந்து போய்க் குடியேறிய கறுப்பின மக்கள் 1847லேயே சுதந்திர நாடு என்று அறிவித்துக்கொண்டது அது.

இப்போது என் மானத்தை வாங்கிய கினியாவுக்கு வருவோம். மேற்கு ஆப்பிரிக்கக் கரை மொத்தத்தையும் போர்த்துகீசிய மாலுமிகள் கினியா என்றே அழைத்தார்கள். அப்புறம் வந்தவர்கள் ஆளுக்கொரு துண்டை வெட்டிக்கொண்டு பிரெஞ்சு கினியா, போர்த்துகீசிய கினியா, ஸ்பானிய கினியா என்று பெயர் வைத்தார்கள். விடுதலை வந்ததும் மூன்று பேருக்கும் அதே பெயர்தான் வேண்டும். நம் வகுப்பில் மூன்று குமார் இருந்தால் என்ன செய்வோம்? இனிஷியல் சேர்ப்போம். அதேதான். 1958ல் பிரெஞ்சுத் தலைவர் டி காலின் புதிய அரசமைப்புக்கு வாக்கெடுப்பில் "வேண்டாம்" என்று சொல்லி முதலில் வெளியேறிய பிரெஞ்சு கினியா, வெறும் கினியா ஆனது, தலைநகர் கொனாக்ரி. 1968ல் விடுதலை பெற்ற ஸ்பானிய கினியா 'பூமத்திய ரேகை' என்ற இனிஷியலைப் போட்டுக்கொண்டது. போர்த்துகீசியரோடு சண்டை போட்டு 1973ல் விடுதலையை அறிவித்த மூன்றாவது குமார், தன் தலைநகரையே இனிஷியலாக்கி கினியா-பிசாவ் ஆனது.

ஒரு வேடிக்கை: பூமத்திய ரேகை கினியாவின் நிலத்தைப் பூமத்திய ரேகை தொடுவதே இல்லை. அதன் ஒரு தீவு ரேகைக்குத் தெற்கே, மற்றதெல்லாம் வடக்கே. ரேகை நடுவில் கடல் வழியாகப் போய்விடுகிறது.

நான்காவதாக பப்புவா நியூ கினி, ஆப்பிரிக்காவிலேயே இல்லை. 1545ல் அந்தப் பக்கம் போன ஸ்பானிய மாலுமி ஒருவர், மக்களின் தோற்றம் கினியாக்காரர்களைப் போல இருக்கிறது என்று வைத்த பெயர். ஊரில் மாட்டுக்குப் போடுகிறோமே கினியாப் புல், அதுவும் ஆப்பிரிக்காவிலிருந்து வந்ததுதான்.

இரண்டு காங்கோவும் இதே இனிஷியல் கணக்கில் அடங்கிவிடும். பிரெஞ்சுக்காரர் ஆண்டது காங்கோ-பிராசவில், பெல்ஜியம் ஆண்டது காங்கோ-கின்ஷாசா. இரண்டு தலைநகரும் ஒரே ஆற்றின் எதிரெதிர்க் கரையில். இரண்டுக்கும் 1960ல் விடுதலை.

படி 4: டெல்லிவாசிகளுக்கு மட்டும்

பஸ்ஸில் போகும்போது போனை உள்ளே வைத்துவிட்டுத் தெருப் பலகையைப் படியுங்கள். சாணக்யபுரியில் குவாமே நிக்ரூமா மார்க் இருக்கிறது. கோல்ட் கோஸ்ட் 1957ல் விடுதலை பெற்று கானா ஆனபோது அதை வழிநடத்தியவர். எகிப்தை ஆண்ட நாசர் பெயரிலும் இங்கே சாலை உண்டு. சிராக் டெல்லிப் பக்கம் ஜோசிப் பிராஸ் டிட்டோ மார்க். அவர் ஆண்ட யூகோஸ்லாவியா உடைந்து போய்விட்டது, சாலை மட்டும் டிராபிக்கோடு இருக்கிறது. இந்த மூன்று பேரும் நேருவோடும் இந்தோனேசியாவின் சுகர்னோவோடும் 1961ல் பெல்கிரேடில் கூடி அணிசேரா இயக்கத்தைத் தொடங்கியவர்கள். நம் சாலைப் பெயர்கள் அப்படி வந்தவை. மலை மந்திர் முருகன் கோயிலுக்குப் போகும்போதெல்லாம் உலோஃப் பால்மே மார்க் பலகையைப் பார்த்திருக்கிறேன். அவர் 1986ல் சுட்டுக் கொல்லப்பட்ட சுவீடன் பிரதமர் என்று தெரிந்துகொள்ள எனக்கு ஒரு பொங்கல் அவமானம் தேவைப்பட்டது.

படி 5: பழைய அட்லஸ் ஒன்று வாங்குங்கள்

ஞாயிற்றுக்கிழமை மகிளா ஹாட் புத்தகச் சந்தையில் 1978ல் அச்சான அட்லஸ் ஒன்று அறுபது ரூபாய்க்குக் கிடைத்தது. புதியதைப் பக்கத்தில் வைத்து மாறியதை வட்டமிடுங்கள். மேல் வோல்டா 1984ல் புர்கினா ஃபாசோ ஆனது, ரொடீசியா 1980ல் ஜிம்பாப்வே, ஜயர் 1997ல் மறுபடி காங்கோ. ஒரு பெயர் ஏன் மாறியது என்று தேடிப் பார்த்தால் அந்த நாட்டின் வரலாறு பாதி வந்துவிடும்.

பின்சேர்க்கை 1: "என் அட்லஸில் ஸ்வாசிலாந்து இருக்கிறது, எஸ்வாத்தினி இல்லையே" என்று பதிவைப் படித்த ஒருவர் கேட்டிருந்தார். இரண்டும் ஒன்றே, 2018ல் பெயர் மாறியது. தெற்கு சூடானும் இல்லையென்றால் அது 2011க்கு முந்தைய அட்லஸ். படி 5க்கு வைத்துக்கொண்டு வேறு வாங்குங்கள்.

பின்சேர்க்கை 2: ஆப்பிரிக்க நாடுகள் 54ஆ 55ஆ என்று பதிவைப் படித்தவர்களுக்குள் சண்டையே நடந்துவிட்டது. ஐ.நா. உறுப்பினர் கணக்கில் 54. ஆப்பிரிக்க ஒன்றியத்தில் 55, ஏனென்றால் அங்கே மொராக்கோவுக்குக் கீழே இருக்கும் மேற்கு சகாராவின் சஹ்ராவி குடியரசும் உறுப்பினர். வினாடி வினா நடத்துபவர்கள் "ஐ.நா. கணக்குப்படி" என்று சேர்த்துக் கேளுங்கள், என்னைப் போல மாட்டிக்கொள்ள வேண்டாம்.

பின்சேர்க்கை 3: லேமினேட் தாளில் தெரியாமல் பெர்மனென்ட் மார்க்கரால் எழுதிவிட்டவர்களுக்கு: அதே எழுத்தின் மேலேயே ஒயிட்போர்டு மார்க்கரால் தீட்டி உடனே துடையுங்கள், இரண்டும் சேர்ந்து வந்துவிடும். காயவிட்டால் மறுபடி தீட்ட வேண்டியதுதான்.