ஆற்று வழக்கில் உதவிப் பணம்: பிடி இருப்பது தவணையில்

ஜொகன்னஸ்பர்க்கின் லெனேசியாவில் குழாயைத் திறந்தால் வருவது வால் ஆற்று நீர். லெசோத்தோ மலைகளிலிருந்து சுரங்க வழியே வரும் நீரும் அதில் கலந்திருக்கிறது. 1986 ஜனவரியில் தென்னாப்பிரிக்க அரசு லெசோத்தோ எல்லையை அடைத்தது, லெசோத்தோ தலைநகர் மாசேருவில் ஆட்சி கவிழ்ந்தது, அக்டோபரில் நீர் ஒப்பந்தம் கையெழுத்தானது. உலக வங்கி தென்னாப்பிரிக்காவுக்குக் கடன் தராத காலம் அது. அதனால் கடன் லெசோத்தோ பெயரில் வந்தது. நீரைக் கொண்டுவரும் செலவு முழுக்கத் தென்னாப்பிரிக்கா தலையில். 185 மீட்டர் உயரக் காட்சே அணை அப்படித்தான் எழுந்தது. எல்லையை அடைத்தால் கையெழுத்து கிடைக்கும், அணை கிடைக்காது. அதற்குப் பணம் வேண்டும்.

ஆற்றுத் தகராறில் உதவிப் பணத்தைப் பிடியாக்க நினைப்பவர் முதலில் பார்க்கவேண்டியது, எதிர்த்தரப்புக்கு வேறு பை இருக்கிறதா என்பதை. எத்தியோப்பியா நீல நைலில் கட்டிய, கடைமடை எகிப்து எதிர்த்த அணைக்காக அமெரிக்கா எத்தியோப்பியாவுக்கான உதவியில் ஒரு பகுதியை நிறுத்தியது 2020 செப்டம்பரில். முதல் நீர்நிரப்பல் ஜூலையிலேயே முடிந்திருந்தது. அணைக்குப் பணமோ பெரும்பாலும் உள்நாட்டுப் பத்திரங்களிலிருந்து வந்தது. 2021இல் உதவியை அணையோடு கட்டிய முடிச்சை அமெரிக்காவே அவிழ்த்தது. 2025இல் அணை திறந்தாயிற்று. நிறுத்திய உதவிக்கும் அணைக்கும் தொடர்பே இல்லாவிட்டால், மிஞ்சுவது கோபம் மட்டும்தான்.

அடுத்து, தொகையை வேலையோடு கட்டுங்கள். இதற்கு 1960 சிந்து ஒப்பந்தத்தின் 5ஆம் பிரிவை விடத் தெளிவான மாதிரி இல்லை. இந்தியா 6 கோடியே 20 லட்சத்து 60 ஆயிரம் பவுண்டை 10 சம தவணைகளில், ஆண்டுதோறும் நவம்பர் 1 அன்று கட்டவேண்டும். இந்தியாவுக்குப் போன கிழக்கு ஆறுகளுக்கு மாற்றாகக் கால்வாய் வெட்டப் பாகிஸ்தானுக்கு 10 ஆண்டு அவகாசம். கூடுதலாக ஓராண்டு கேட்டால், 31 லட்சத்து 25 ஆயிரம் பவுண்டு அந்தத் தவணைகள் சேரும் நிதியத்திலிருந்து இந்தியாவுக்குத் திரும்பும். 3 ஆண்டு கேட்டால் 98 லட்சத்து 50 ஆயிரம். தாமதத்துக்கு விலை முன்கூட்டியே எழுதப்பட்டுவிட்டதால், பிறகு மிரட்டலுக்கு வேலையில்லை. பணம் இரு தரப்பின் கையிலும் இல்லாமல் மூன்றாமவரான உலக வங்கியிடம் இருந்ததும் முக்கியம்.

தவணை எதைப் பார்த்து விடுவது? 'ஒத்துழைப்பு' என்று எழுதினால் சண்டைதான் வரும். எல்லையில் எந்த நீரளவை நிலையம், நொடிக்கு எத்தனை கன மீட்டர், எந்த மாதச் சராசரி, வறட்சி ஆண்டில் எவ்வளவு குறையலாம் என்று எழுதவேண்டும். அளவியை இரு தரப்பும் சேர்ந்து படிக்கவேண்டும். தலைமடைக்காரர் மட்டும் படித்த கணக்கைக் கடைமடைக்காரர் எந்த ஊரிலும் நம்பியதில்லை.

புதுக் கட்டுமானத்துக்கு முன்னறிவிப்புக் காலம் 6 மாதம், 1997 ஐ.நா. நீர்வழி உடன்படிக்கை சொல்வதும் அதுவே. முதல் தவணையை அந்தக் கெடு முடிந்தபின் வையுங்கள்.

எல்லைக்கோட்டை இதே தாளில் கொண்டுவராதீர்கள். தென்னாப்பிரிக்காவுக்கும் நமீபியாவுக்கும் இடையே ஓடும் ஆரஞ்சு ஆற்றில், பிரிட்டனும் ஜெர்மனியும் செய்த 1890 ஒப்பந்தம் எல்லையை வடகரையில் வைக்கிறது. நமீபிய அரசியலமைப்போ நடு ஆறு வரை தனது என்கிறது. அங்கே நமீபியக் கரையில் ஒரு நீரேற்று நிலையத்துக்குப் பணம் கொடுத்தாலே, யார் எல்லையை ஒப்புக்கொண்டார் என்ற கேள்வி எழும். 'இந்த உதவி எந்த எல்லை உரிமையையும் பாதிக்காது' என்ற ஒரு வரியை, தொகை எழுதுமுன் எழுதிவிடுங்கள்.