மீன் சாப்பிட்டு மாயக்காட்சி வந்தால்: சலேமா மீனை அடையாளம் காண்பதும் சமாளிப்பதும்

மத்தியதரைக்கடல் பக்கம் வேலைக்கோ படிப்புக்கோ சுற்றுலாவுக்கோ போகிற நம் ஆட்கள் மீன் சந்தையைப் பார்த்ததும் சும்மா வர மாட்டார்கள், ரெண்டு கிலோ வாங்கிக் குழம்பு வைத்தால்தான் மனசு ஆறும். வைத்துச் சாப்பிடுங்கள், தப்பில்லை. ஆனால் வெள்ளி உடம்பில் தங்க நிறக் கோடுகள் ஓடுகிற ஒரு மீன் அங்கே மலிவாகக் கிடைக்கும், அதை வாங்குவதற்கு முன் இதை ஒரு தடவை படித்துவிடுங்கள். அதைச் சாப்பிட்டவர்களில் வெகு சிலருக்கு, எப்போதாவது, இல்லாத உருவம் தெரிந்திருக்கிறது, இல்லாத குரல் கேட்டிருக்கிறது. மருத்துவப் பதிவில் ஏறிய விஷயம் இது, ஊர்க்கதை என்று ஒதுக்க முடியாது.

மீனின் பெயர் சலேமா, அறிவியல் பெயர் சார்ப்பா சால்ப்பா. ஸ்பெயினில் சலேமா என்றும், பிரான்சில் சோப் என்றும், இத்தாலியிலும் கிரேக்கத்திலும் சால்ப்பா என்றும், துனீசியாவில் ஷெல்பா என்றும் விற்கிறார்கள். தென்னாப்பிரிக்கக் கரையில் இதே மீன் ஸ்ட்ரெப்பி. அங்கே தூண்டிலுக்கு இரையாகவும் போடுவார்கள், சமைத்தும் சாப்பிடுவார்கள். இத்தனை ஊர்களில் இத்தனை பேர் சாப்பிட்டும் பெரும்பாலானவர்களுக்கு எதுவுமே ஆவதில்லை என்பதை முதலில் மனதில் வைத்துக்கொள்ளுங்கள், இல்லாவிட்டால் மீதியைப் படித்துவிட்டு மீன் பக்கமே போக மாட்டீர்கள்.

சரி, ஆனவர்களுக்கு என்ன ஆனது? பிரான்சின் மார்செய் நகர விஷமுறிவு மையத்தைச் சேர்ந்த மருத்துவர்கள் 2006-ல் இரண்டு பேரின் கதையை மருத்துவ இதழில் எழுதினார்கள். ஒருவருக்கு வயது 40. 1994 ஏப்ரலில் தெற்குப் பிரான்ஸ் கடற்கரைக்கு விடுமுறைக்கு வந்தவர், அடுப்பில் வாட்டிய சலேமாவைச் சாப்பிட்டிருக்கிறார். குமட்டல், பார்வை மங்கல், கைகால் சோர்வு, வாந்தி. மறுநாளும் சரியாகவில்லை என்று விடுமுறையைப் பாதியில் முடித்துக்கொண்டு காரை எடுத்துக் கிளம்பிவிட்டார். வழியில் விலங்குகள் அலறுவது கேட்கிறது, பூச்சி மாதிரிப் பல கால்கள் கொண்ட பெரிய பெரிய ஜந்துக்கள் காரைச் சுற்றி நிற்கின்றன. நல்ல வேளையாக வண்டியை மேலே ஓட்டாமல் மருத்துவமனைக்குப் போய்ச் சேர்ந்தார், சாப்பிட்டு 36 மணி நேரத்தில் முழுதாகத் தெளிந்துவிட்டார்.

இரண்டாமவர் 90 வயதுப் பெரியவர். 2002-ல் அதே தெற்குப் பிரான்சின் சான் த்ரோப்பே ஊரில் மீனவரிடமே வாங்கிய மீன். சாப்பிட்டு இரண்டு மணி நேரத்தில் மனிதர்கள் கத்துவதும் பறவைகள் கீச்சிடுவதும் கேட்க ஆரம்பித்தது, அடுத்த இரண்டு இரவும் கெட்ட கனவு. இவர் செய்த ஒரு காரியத்தைத்தான் கவனிக்க வேண்டும்: யாரிடமும் மூச்சு விடவில்லை. வயதாகிவிட்டது, புத்தி பேதலிக்கிறது போல என்று தனக்குள்ளேயே பயந்து பேசாமல் இருந்துவிட்டார். எல்லாம் அடங்கிய பிறகுதான் விஷமுறிவு மையத்துக்குப் போன் செய்திருக்கிறார். மீனால் இப்படியும் வரும் என்று வீட்டில் ஒருவருக்காவது தெரிந்திருந்தால் அந்த மூன்று நாள் பயம் தேவையே பட்டிருக்காது, இந்தக் குறிப்பை நான் எழுதுவதும் அதனால்தான்.

ஏன் ஒரு மீன் ஒரு நாள் சாதுவாகவும் இன்னொரு நாள் இப்படியும் இருக்கிறது? சலேமா புல் மேய்கிற மீன். வளர்ந்த மீன்கள் கூட்டம் கூட்டமாகக் கடலடிப் புல்வெளிகளில் ஆடு மாதிரி மேயும், பொசிடோனியா என்ற கடற்புல்லையும் அதன் இலை மேல் ஒட்டி வளரும் பாசிகளையும் தின்னும். அந்தப் பாசிகளில் ஏதோ ஒன்றிலிருந்துதான் நஞ்சு மீனுக்குள் வருகிறது என்பது ஆய்வாளர்களின் கணிப்பு. காலெர்ப்பா வகைப் பாசிகள் மேல் சந்தேகம் அதிகம். ஆனால் இந்த வேதிப்பொருள்தான் என்று இன்னும் யாரும் உறுதியாகச் சுட்டவில்லை, அதனால் மீனில் நஞ்சு இருக்கிறதா என்று பார்க்க வீட்டுச் சோதனை எதுவும் கிடையாது. வெள்ளி நாணயம் கறுக்கிறதா பார், எறும்பு மொய்க்கிறதா பார் என்று யாராவது சொன்னால் காதில் போட்டுக்கொள்ளாதீர்கள். வேக வைத்தாலும் வறுத்தாலும் போகாது, புளியும் மஞ்சளும் எவ்வளவு போட்டாலும் போகாது.

அடையாளம் காண்பது

சலேமாவைக் கண்டுபிடிப்பது கஷ்டமில்லை. முட்டை வடிவ, பக்கவாட்டில் தட்டையான உடம்பு. சந்தைக்கு வருவது பெரும்பாலும் 15 முதல் 30 சென்டிமீட்டர். சாம்பல் கலந்த வெள்ளி நிறத்தில் தலையிலிருந்து வால் வரை சுமார் 10 தங்கக் கோடுகள் நேராக ஓடும். கண் மஞ்சள். பக்கத் துடுப்பு முளைக்கிற இடத்தில் ஒரு கறுப்புப் பொட்டு. வாய் சின்னது, புல்லைக் கத்தரிக்கத் தோதான பல் வரிசை. அங்கேயே போப் அல்லது போகா என்று இன்னொரு மீன் விற்கும், அதற்கும் மங்கலான தங்கக் கோடு உண்டு, ஆனால் நாலைந்துதான் இருக்கும், உடம்பும் ஒல்லியாக உருளையாக இருக்கும். இரண்டையும் போட்டுக் குழப்பிக்கொள்ள வேண்டாம். தோலை நீக்கித் துண்டு போட்டு வைத்திருந்தால் எந்த மீன் என்று உங்களால் சொல்லவே முடியாது, அதனால் முழு மீனாகப் பார்த்து வாங்குங்கள்.

இன்னொரு விஷயம், வாங்கும் இடம். விற்கிற அம்மாவிடம் இது எந்தப் பக்கம் பிடித்தது, இந்த மாசம் நீங்கள் வீட்டில் சமைக்கிறீர்களா என்று கேளுங்கள். பாஷை வராவிட்டால் மீனையும் வாயையும் காட்டிக் கேட்டாலே புரிந்துகொள்வார்கள். உள்ளூர்க்காரர்கள் ஒதுக்குகிற மாசத்தில் நமக்கு மட்டும் என்ன அவசரம். மத்தியதரைக்கடலில் இந்தக் கோளாறு வசந்தம், கோடைக் காலங்களில்தான் அதிகம் பதிவாகியிருக்கிறது, அதற்காக மற்ற மாசம் எல்லாம் பத்திரம் என்று எடுத்துக்கொள்ள முடியாது.

கழுவும்போது

வயிற்றைக் கிழித்தால் தெரியும், நீளமான குடல் சுருள் சுருளாக, உள்ளே பச்சைப் பசையாக அரைத்த புல். வெயிலில் கொஞ்ச நேரம் கிடந்தால் அந்தப் பசை புளித்து நாறி, அந்த வாடை சதையிலும் ஏறிவிடும், அதனால்தான் அங்கே மீன் பிடிப்பவர்கள் பிடித்த கையோடு குடலை எடுத்துவிடுவார்கள். நமக்கு இதில் இன்னொரு லாபமும் உண்டு. துனீசிய ஆய்வுகளில் சதையைவிட ஈரல், குடல் போன்ற உள்ளுறுப்புகளில்தான் நச்சுத்தன்மை அதிகம் தெரிந்தது. ஆகவே குடல், ஈரல், தலை மூன்றையும் அப்படியே தூக்கிப் போட்டுவிடுங்கள், வயிற்றுக்குள் ஒட்டியிருக்கும் கறுப்புச் சவ்வைச் சுரண்டி எடுத்து நன்றாகக் கழுவுங்கள். மீன் தலையில்தான் ருசியே இருக்கிறது என்று வாதாடுகிறவர் உங்கள் வீட்டிலும் ஒருவர் இருப்பார், இந்த மீனுக்கு மட்டும் அவர் பேச்சைக் கேட்க வேண்டாம். இதையெல்லாம் செய்தாலும் ஆபத்து குறையுமே தவிர இல்லாமல் போகாது. கர்ப்பிணிகள், சின்னப் பிள்ளைகள், ரொம்ப வயதானவர்கள், மனநலத்துக்கு மாத்திரை எடுப்பவர்கள் இந்த மீனை விட்டுவிடுவதே நல்லது, அந்தச் சந்தையில் வேறு மீனா இல்லை.

சலேமா மட்டும்தானா?

இல்லை. ஹவாய் தீவுகளில் வெக்கே என்று ஒரு மீன், நம்மூர் நவரையின் குடும்பம். அதில் ஒரு வகையின் தலையைச் சாப்பிட்டால் பேய்க்கனவு வரும் என்பது அந்த மக்களுக்குத் தலைமுறை தலைமுறையாகத் தெரியும், லானாய் தீவின் பேய்த் தலைவன் பாஹுலுவின் பெயரையே அதற்கு வைத்திருக்கிறார்கள். 1960-ல் அங்கே ஆய்வாளர்கள் இதைப் பதிவு செய்தபோது கவாய், மொலோக்காய் தீவுகளில், ஜூன் முதல் ஆகஸ்ட் வரையில்தான் இந்தச் சிக்கல் தலைதூக்குகிறது என்று எழுதினார்கள். மடவை மீனும் அந்தப் பதிவில் உண்டு. வேறு கடல்களில் ஓரா மீன் குடும்பத்தைச் சேர்ந்த சில வகைகளையும் இந்தப் பட்டியலில் சேர்க்கிறார்கள், பசிபிக்கின் நோர்ஃபோக் தீவிலும் இப்படி ஒரு மீன் உண்டு.

உடனே நவரை, மடவை, ஓரா என்றால் நம்மூரில் தினம் சாப்பிடுவதாயிற்றே என்று பதறாதீர்கள். குடும்பம் ஒன்றுதான், ஆனால் குறிப்பிட்ட கடலில், குறிப்பிட்ட பாறையில், குறிப்பிட்ட மாசத்தில் எதைத் தின்றது என்பதை வைத்துத்தான் மீன் கெடுகிறது. காசிமேட்டில் வாங்கின நவரையைக் கொண்டுபோய்க் குப்பையில் கொட்ட வேண்டியதில்லை.

ஆரம்பித்துவிட்டால்

சாப்பிட்டுச் சில நிமிடங்களிலிருந்து இரண்டு மணி நேரத்துக்குள் பெரும்பாலும் தொடங்கிவிடும். உதடு, வாய் சுற்றிக் குறுகுறுப்பு, தொண்டை எரிச்சல், தலைசுற்றல், நடை தள்ளாட்டம், குமட்டல், சிலருக்கு நெஞ்சை யாரோ அழுத்துகிற மாதிரி. அப்புறம் காட்சிகள், குரல்கள். சாப்பிட்டதும் படுத்துவிட்டவர்களுக்குக் கெட்ட கனவாகவே வந்துவிடுகிறது.

முதல் வேலை, சாப்பாட்டை நிறுத்துங்கள், கூடச் சாப்பிட்டவர்களையும் நிறுத்தச் சொல்லுங்கள். வண்டிச் சாவியை வேறொருவரிடம் கொடுத்துவிடுங்கள், கடலிலும் நீச்சல்குளத்திலும் இறங்காதீர்கள், மாடிப் படியோரம், பால்கனிப் பக்கம் போகாதீர்கள். அப்புறம், பக்கத்தில் இருக்கிறவரிடம் வாய் விட்டுச் சொல்லுங்கள்: நான் மீன் சாப்பிட்டேன், எனக்கு இன்னின்னது கேட்கிறது, தெரிகிறது. வெட்கப்பட ஒன்றுமில்லை. கூட இருப்பவர் செய்ய வேண்டியது, விளக்கைப் போட்டு, டிவியை அணைத்து, அமைதியாகப் பேசிக்கொண்டு பக்கத்தில் உட்கார்ந்திருப்பது. அங்கே ஒன்றும் இல்லை என்று சண்டை போடவும் வேண்டாம், ஆமாம் எனக்கும் தெரிகிறது என்று ஒத்து ஊதவும் வேண்டாம். விரலை விட்டு வாந்தி எடுக்க வைப்பது, உப்புத் தண்ணீர் கொடுப்பது, தூக்க மாத்திரை போட்டுப் படுக்க வைப்பது, ரெண்டு பெக் ஊற்றிக் கொடுப்பது, நாலும் வேண்டாம்.

பிறகு மருத்துவ உதவி. ஐரோப்பிய நாடுகளில் 112, பிரான்சில் 15-ம் உண்டு. அமெரிக்காவில் 911, இந்தியாவில் 108 அல்லது 112. வீட்டிலேயே இருந்து பார்க்கலாமா என்று அவரைக் கேட்டு நீங்களே முடிவெடுக்காமல் எண்ணை அழுத்துங்கள், ஏனென்றால் மீன் விஷம் என்பது ஒன்று அல்ல, பல. பேத்தை மீன் விஷத்தில் உதடு மரத்து, கைகால் விழுந்து, மூச்சே நின்றுபோகும், ஆனால் ஆளுக்குக் கடைசி வரை நினைவு தெளிவாகவே இருக்கும், மாயக்காட்சி இருக்காது. அதில் ஒவ்வொரு நிமிடமும் கணக்கு. கலவா, சீலா போன்ற பெரிய பவளப்பாறை மீன்களில் வருகிற சிகுவாட்டெரா வேறு ரகம், குளிர்ந்த தண்ணீரைத் தொட்டால் சுடுகிற மாதிரி இருக்கும், நாடித்துடிப்பு குறையலாம், வாரக்கணக்கில் இழுக்கும். ஐஸ் போடாமல் கிடந்த சூரையையோ கானாங்கெளுத்தியையோ சாப்பிட்டு முகம் சிவந்து, அரிப்பெடுத்து, தலை வலித்தால் அது ஹிஸ்டமின் கோளாறு, ஒவ்வாமை மருந்திலேயே அடங்கும். மூச்சுத் திணறல், வலிப்பு, கைகால் இயங்காமல் போவது, எழுப்பினால் எழாத தூக்கம் என்று எது வந்தாலும் எந்த மீன் என்ற ஆராய்ச்சியே வேண்டாம், ஆம்புலன்ஸ்தான்.

மருத்துவரிடம் போகும்போது மிச்சமிருக்கும் மீன், முள், வெட்டிப் போட்ட தலை, எது இருக்கிறதோ அதைப் பையில் கட்டிக் கையோடு கொண்டுபோங்கள், சமைக்கும் முன் எடுத்த போட்டோ இருந்தால் இன்னும் நல்லது. எத்தனை மணிக்குச் சாப்பிட்டது, எத்தனை மணிக்கு ஆரம்பித்தது, குடலோ தலையோ சாப்பிட்டாரா, கூட யார் யார் சாப்பிட்டார்கள், என்னென்ன மாத்திரை எடுப்பவர், இதை ஒரு தாளில் எழுதி நீட்டுங்கள். மாயக்காட்சி என்றதும் மருத்துவருக்கு முதலில் போதைப்பொருளும் மனநோயும்தான் நினைவுக்கு வரும், அவர்மேல் தப்பு சொல்ல முடியாது, இந்த மீன் கதையைக் கேள்விப்படாத மருத்துவர்களே அதிகம். அதே சமயம் மீன்தான் காரணம் என்று நீங்களும் பிடிவாதம் பிடிக்காதீர்கள். காய்ச்சல், சர்க்கரை இறங்குவது, பக்கவாதம், மாத்திரை மாறிப்போவது என்று முதியவர்களுக்கு இதே மாதிரி காட்டுகிற காரணங்கள் நிறைய, அவர் எல்லாவற்றையும் பார்த்துத்தான் ஆக வேண்டும். இதற்கென்று மாற்றுமருந்து கிடையாது, வாந்திக்கு மருந்து, தேவைப்பட்டால் டிரிப்ஸ், பதற்றத்துக்கு மருந்து, கண்காணிப்பு, அவ்வளவுதான். பெரும்பாலும் ஒன்றரை நாளுக்குள் இறங்கிவிடும், கனவு மட்டும் கூட ஓரிரு இரவு இழுக்கலாம்.

இதைப் போதைக்காக சாப்பிட்டுப் பார்க்கலாமே என்று இணையத்தில் கேட்கிறவர்களும் உண்டு. எந்த மீனில் எவ்வளவு இருக்கிறது என்று யாராலும் சொல்ல முடியாது, பத்து மீன் தின்றாலும் வயிற்றுப்போக்கோடு முடியலாம், ஒன்றே ஒன்று ராத்திரி முழுக்க அலற வைக்கலாம். மேலே சொன்ன இரண்டு பேரில் ஒருவர்கூட அதை ரசித்ததாகச் சொல்லவில்லை.

தெளிந்த பிறகு விஷமுறிவு மையத்துக்கு ஒரு தகவல் கொடுத்துவிடுங்கள், மீன் வாங்கின கடையிலும் சொல்லுங்கள், அதே கூடையிலிருந்து வேறு யாராவது வாங்கியிருப்பார்கள். ஃபிரிட்ஜில் மீதக் குழம்பு இருந்தால், மருத்துவருக்கு வேண்டாம் என்று தெரிந்ததும் கொட்டிவிடுங்கள், பூனைக்கும் வைக்க வேண்டாம்.