குட்டிப் பீரங்கி கைக்கு வந்தால்: முதலில் தராசு, அப்புறம் கதை

மலேசியாவிலோ புருணையிலோ பழம்பொருள் கடைக்குள் நுழைந்தால், வெற்றிலைப் பெட்டிகளுக்கும் செப்புக் குடங்களுக்கும் நடுவே ஒரு சாண் நீளத்தில் பித்தளைப் பீரங்கி ஒன்று கண்ணில் படலாம். "இது அந்தக் காலத்துப் பணம்" என்று கடைக்காரர் ஆரம்பிப்பார். அதில் பாதி சரி. மீதியை நீங்களே பார்த்துத் தெரிந்துகொள்ளத்தான் இந்தச் செய்முறை. சமையலறைத் தராசு, சின்னக் காந்தம், டார்ச் லைட் இருந்தால் போதும்.

தொடங்கும் முன் கொஞ்சம் பின்னணி. போர்ச்சுகீசிய மாலுமி மகெல்லன் இறந்தபின் அவருடைய கப்பல்கள் 1521இல் புருணைக்கு வந்தன. கூடவே வந்த பிகாஃபெட்டா, அரண்மனைக்கு முன்னால் இருந்த மதிலில் 56 வெண்கலப் பீரங்கிகளும் 6 இரும்புப் பீரங்கிகளும் இருந்ததாக எழுதிவைத்தார். பீரங்கி அங்கே அவ்வளவு பழக்கப்பட்ட பொருள். பித்தளை துருப்பிடிக்காது, உருக்கி வேறொன்றாக வார்க்கலாம், எடை போட்டால் மதிப்பு தெரிந்துவிடும். அதனால் 19ஆம் நூற்றாண்டிலும் புருணையிலும் சுற்றியுள்ள போர்னியோ தீவின் கரைகளிலும் சரக்குக்கும் அபராதத்துக்கும் பீரங்கியை எடை போட்டுக் கொடுத்தார்கள்.

படி 1: எடை போடுங்கள்

பழைய எடைக் கணக்கு இதுதான்: 16 தாஹில் ஒரு காத்தி, 100 காத்தி ஒரு பிக்குல். ஒரு காத்தி சுமார் 605 கிராம், ஒரு தாஹில் சுமார் 38 கிராம், ஒரு பிக்குல் 60 கிலோவுக்குச் சற்று மேல். தராசு 907 கிராம் காட்டினால் அது ஒன்றரைக் காத்தி, அதாவது 1 காத்தி 8 தாஹில்.

இந்தக் கணக்கைப் போட்டாலே ஒரு விஷயம் பிடிபடும். பெரிய வரவு செலவு பிக்குலில் நடந்தது. ஒன்றரைக் காத்திப் பொம்மையால் அதில் பெரிதாக ஒன்றும் ஆகாது. என் கணிப்பில், பணமாகப் புழங்கியது பித்தளையின் எடைதான். வேலைப்பாடு மிகுந்த குட்டிப் பீரங்கியை யாரும் உருக்குவதற்காகச் செய்திருக்க மாட்டார்கள். அது கல்யாணச் சீராகவும் பரிசாகவும் கைமாறி, வீட்டுச் சொத்தாகத் தங்கியிருக்கும். மலேசியாவின் சபா மாநிலத்துத் தூசூன் மக்களிடம் மாப்பிள்ளை வீட்டார் கொடுக்கும் பரிசத்தில் பெரிய ஜாடி, கோங் மணியோடு பித்தளைப் பீரங்கியும் உண்டு.

படி 2: காந்தம் வையுங்கள்

ஒட்டினால் உள்ளே இரும்பு இருக்கிறது, மேலே வெறும் பூச்சு. அதோடு சோதனையை நிறுத்திவிடலாம்.

படி 3: உறுப்புகளைத் தேடுங்கள்

இங்கே நிதானமாகப் பாருங்கள். லேலா, ரெந்தாகா எனப்படும் மலாய்ப் பீரங்கிகள் படகின் விளிம்பில் நிறுத்திச் சுழற்றிச் சுடுபவை. குழலின் நடுப்பகுதியில் இரண்டு பக்கமும் முளைகள் இருக்கும். அவை ஒரு கவட்டையில் உட்காரும். கவட்டையின் கீழ்க்காம்பு படகில் இருக்கும் குழியில் இறங்கும். பின்முனையில் மரப்பிடி செருக ஒரு குழிவு இருக்கும். நல்ல குட்டிப் பீரங்கியில் இவை எல்லாமே சிறிதாக இருக்கும். முதலை, நாகம், இலைக்கொடி போன்ற அலங்காரமும் இருக்கலாம். கவட்டையை மெதுவாக அசைத்துப் பாருங்கள். முளை உரசிய இடம் தேய்ந்து வழவழப்பாக இருந்தால், பல கைகள் புழங்கிய பொருள் என்று நம்ப இடமுண்டு.

அப்புறம் வாய்க்குள் டார்ச் அடியுங்கள். துளை ஆழமாகப் போகிறதா? பின்பக்கம் மேலே பற்றவைக்கும் துளை குழல்வரை இறங்குகிறதா? இறங்காவிட்டாலும் போலி என்று முடிவு கட்டாதீர்கள், காட்சிக்காகவே வார்த்தவையும் நிறைய. இறங்கினால் வெடிமருந்து போட்டுப் பார்க்கும் ஆசை மட்டும் வேண்டாம். பழைய வார்ப்பு பிளந்துவிடும்.

படி 4: ஒட்டுக்கோட்டைத் தேடுங்கள்

புருணைக் கன்னார்கள் மெழுகில் உருவம் செய்து, மேலே களிமண் பூசி, சூட்டில் மெழுகை வடித்துவிட்டு அந்த இடத்தில் உலோகத்தை ஊற்றினார்கள். நம் சுவாமிமலை ஸ்தபதிகள் செய்யும் மெழுகு வார்ப்பும் இதே முறைதான். இதில் இரண்டு பாதி அச்சு கிடையாது. எனவே குழலின் நீளவாக்கில் ஒரு கோடு ஓடினால், அல்லது அப்படியொரு கோட்டின்மேல் அரம் போட்டுத் தேய்த்த தடம் தெரிந்தால், இரண்டு பாதி அச்சில் வார்த்த நினைவுப்பொருளாக இருக்க வாய்ப்பு அதிகம்.

புளி போட்டோ பாலிஷ் போட்டோ தேய்க்காதீர்கள். கறுத்த படிவு போய்விட்டால் வயதைச் சொல்லும் தடயமும் போய்விடும். உலர்ந்த துணி போதும்.

படி 5: வீட்டாரைக் கேளுங்கள்

இது மலாய்க் குடும்பத்திலிருந்து வந்த புசாகா, அதாவது பரம்பரைச் சொத்து என்றால், யாருடைய கல்யாணத்தில் வந்தது, எந்த ஆற்றங்கரை ஊர் என்று கேட்டு எழுதிவையுங்கள். எடை, நீளம், நான்கு பக்கப் படங்களும் அதே தாளில் சேரட்டும். ஒப்பிட்டுப் பார்க்க புருணையின் கோத்தா பத்துவில் உள்ள மலாய்த் தொழில்நுட்ப அருங்காட்சியகத்துக்குப் போகலாம்.

மலேசியாவில் வாங்கி வெளிநாடு கொண்டுபோவதாக இருந்தால், பணம் கொடுக்கும் முன்பே தேசிய மரபுடைமைத் துறையிடம் கேளுங்கள். 2005ஆம் ஆண்டின் தேசிய மரபுடைமைச் சட்டப்படி மரபுப் பொருளை உரிமம் இல்லாமல் ஏற்றுமதி செய்ய முடியாது. கடைக்காரர் தரும் ரசீது அந்த உரிமம் ஆகாது.